கடைமடையிலிருந்து பார்த்தால்

(சின்னாளப்பட்டியில் நடந்த பொதுக்கூட்டமொன்றில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



ஆற்றைக் காக்கப் போராடிய ஒரு குடும்பத்தைப் பற்றிப் பேச வேண்டும் என்று கேட்டீர்கள். அப்படியொரு குடும்பத்தைத் தேடி நாம் வெகுதூரம் போக வேண்டியதில்லை. இங்கிருந்து கூப்பிடு தூரத்தில் உள்ள காந்திகிராமத்தோடு தங்கள் வாழ்நாளைப் பிணைத்துக்கொண்ட கணவன், மனைவி இருவர்: சங்கரலிங்கம் ஜெகந்நாதன், கிருஷ்ணம்மாள் ஜெகந்நாதன். நிலத்துக்காகப் போராடியவர்கள் என்று அவர்களை நாடு அறியும். அதே நிலத்தின் வாய்க்காலுக்காக, ஊற்றுக்காக, ஆறு கடலில் சேரும் முகத்துவாரத்துக்காக அவர்கள் உச்ச நீதிமன்றம் வரை போனதை நம் திண்டுக்கல் மாவட்டத்திலேயே பலர் மறந்துவிட்டார்கள். அதை நினைவுபடுத்தவே வந்திருக்கிறேன். அந்தப் போராட்டம் நடந்த இடமோ நாகப்பட்டினத்துக் கடற்கரை. அதற்கும் நமக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பீர்கள். சம்பந்தம் இருக்கிறது.

நம் வட்டாரத்து ஆறு குடகனாறு. பழனி மலைத்தொடரின் கீழ்ச்சரிவுகளில் இறங்கி, ஆத்தூரில் காமராசர் நீர்த்தேக்கத்தை நிறைத்து, திண்டுக்கல் நகரத்துக்குக் குடிக்கக் கொடுத்து, வேடசந்தூர்ப் பக்கம் அழகாபுரி அணையில் தங்கி, கரூர் மாவட்டத்தில் அமராவதியோடு சேருகிறது. அமராவதி திருமுக்கூடலூரில் காவிரியில் கலக்கிறது. காவிரி கல்லணையில் பிரிகிறது. பிரிந்த வெண்ணாறு வெட்டாறாக, அரிச்சந்திரா நதியாக, அடப்பாறாகக் கிளைவிட்டுக் கீழைக் கடலை நோக்கிப் போகிறது. நல்ல மழை பெய்கிற வருஷத்தில் நம் மலையின் தண்ணீரும் அந்தக் கடைமடை வயல்களுக்குப் போய்ச் சேரும். நாம் மேல்மடைக்காரர்கள். நாம் வாய்க்காலில் எதை விடுகிறோமோ அது நம் ஊரோடு நிற்பதில்லை.

ஆற்றைப் பற்றிப் பேசும்போது அணையையும் மதகையும் தலைமடையையும் பற்றித்தான் பேசுகிறோம். தண்ணீர் எப்போது திறப்பார்கள், எத்தனை கன அடி என்று கேட்கிறோம். ஜெகந்நாதன் தம்பதி ஆற்றைக் கடைசி வயலில், கடைசி மனிதரின் குடிசை வாசலில் நின்று பார்த்தார்கள். அங்கே நின்று பார்த்தால்தான் ஆறு உயிரோடு இருக்கிறதா, செத்துவிட்டதா என்பது தெரியும். இன்று நான் சொல்ல வந்த செய்தி இந்த ஒன்றுதான். மற்றதெல்லாம் இதற்கான சாட்சியங்கள்.

ஜெகந்நாதன் ஐயா 1914-ல் இராமநாதபுரம் சீமையில் பிறந்தவர். வசதியான குடும்பம். பதினாறு வயதில், 1930-ல், காந்தியடிகளின் அழைப்பைக் கேட்டுக் கல்லூரிப் படிப்பை உதறிவிட்டு வந்தார். அமெரிக்கப் பாதிரியாராக வந்து காந்தியவாதியாக மாறிய கெய்த்தானோடு சேர்ந்து சேரிகளில் வேலை செய்தார். 'வெள்ளையனே வெளியேறு' போராட்டத்தில் சிறை சென்றார். நாடு விடுதலை பெறும் வரை திருமணம் வேண்டாம் என்றிருந்தார்.

கிருஷ்ணம்மாள் அம்மா 1926-ல் நம் மாவட்டத்தில், சொந்தமாக ஒரு குழி நிலம்கூட இல்லாத தலித் குடும்பத்தில் பிறந்தவர். டாக்டர் சௌந்திரம் அம்மையாரின் ஆதரவில் மதுரையில் படித்துப் பட்டம் பெற்றார். அந்தக் காலத்தில் அவர் சமூகத்திலிருந்து ஒரு பெண் பட்டம் வாங்குவது எவ்வளவு பெரிய காரியம் என்பது இங்கே உட்கார்ந்திருக்கும் பாட்டிமார்களுக்குத் தெரியும். சௌந்திரம் அம்மையாரும் அவர் கணவர் ஜி. ராமச்சந்திரனும் 1947-ல் காந்திகிராமத்தைத் தொடங்கினார்கள். மூன்றாண்டு கழித்து, 1950 ஜூலையில், ஜெகந்நாதன் ஐயாவுக்கும் கிருஷ்ணம்மாள் அம்மாவுக்கும் திருமணம் நடந்தது. சாதி கடந்த திருமணம். சொத்து சேர்க்கும் எண்ணம் இல்லாத திருமணம்.

பிறகு வினோபாவின் பூதான இயக்கம். கணவர் வினோபாவோடு நடந்தார், மனைவியும் நடந்தார். அன்றைய மதுரை மாவட்டத்தில், அதாவது நம் ஊர்களில், வீடு வீடாகப் போய் நிலம் கேட்டார்கள். தானமாக வந்ததில் கல்லும் கரடும் நிறைய இருந்தது. கொடுப்பவர் மனசு மட்டும் போதாது, வாங்குபவர் கைக்குத் தண்ணீர் பாயும் நிலம் வர வேண்டும் என்பது நடந்து நடந்து கிடைத்த அறிவு.

1968 டிசம்பர் 25. கீழ்வெண்மணி. கூலி உயர்வு கேட்டதன் தொடர்ச்சியாக, ஒரு குடிசைக்குள் அடைக்கலம் புகுந்த பெண்களும் குழந்தைகளும் முதியவர்களுமாக 44 பேர் எரித்துக் கொல்லப்பட்டார்கள். செய்தி கேட்டு வருத்தப்பட்டவர்கள் ஆயிரம் பேர். அங்கேயே போய்க் குடியிருந்து வேலை செய்தவர்கள் சிலர்தான். அந்தச் சிலரில் இந்தத் தம்பதி உண்டு. கீழத்தஞ்சையில் நிலமற்ற கூலிகளுக்கு நிலம் வாங்கிக் கொடுப்பதே இனித் தங்கள் வேலை என்று இறங்கினார்கள். 1981-ல் 'லாஃப்டி' என்று ஊரார் அழைக்கும் நில உரிமை இயக்கத்தைத் தொடங்கினார்கள். நிலச்சுவான்தாரிடம் பேசி விலை முடிப்பது, வங்கிக் கடன் ஏற்பாடு செய்வது, கூலிக் குடும்பங்கள் சேர்ந்து உழைத்து அடைப்பது என்று ஒரு முறையை உண்டாக்கினார்கள். பட்டா பெண்கள் பேரில் எழுதப்பட்டது. அம்மா அதில் பிடிவாதமாக இருந்தார். ஆண் பேரில் இருந்தால் நிலம் கடனுக்கும் குடிக்கும் போய்விடும், பெண் பேரில் இருந்தால் அடுப்புக்கு வரும் என்பதை அவர் வயலிலேயே கண்டவர். ஆண்டுகள் ஓட ஓட, சுமார் 13,000 குடும்பங்களுக்குத் தலா ஒரு ஏக்கர் வீதம் நிலம் கிடைத்தது.

இந்த இடத்தில்தான் நம் கதை ஆற்றுக்குத் திரும்புகிறது.

1990-களின் தொடக்கத்தில் வெளிநாட்டுச் சந்தையில் இறாலுக்கு நல்ல விலை. அந்நியச் செலாவணி வேண்டும் என்று அரசும் ஊக்கம் கொடுத்தது. பெருநகரக் கம்பெனிகள் கீழத்தஞ்சையின் நாகை மாவட்டக் கடற்கரையில் வந்து நிலம் வாங்கின. நெல் விளைந்த இடத்தில் புல்டோசர் இறங்கியது. கரை போட்டு, மண்ணை வெட்டி, கண்ணுக்கு எட்டும் தூரம் இறால் குட்டைகள்.

ஒரு குட்டைக்குள் என்ன நடக்கிறது என்று கொஞ்சம் கிட்டப் போய்ப் பாருங்கள். கடல் தண்ணீரை அல்லது உப்பாற்றுத் தண்ணீரை மோட்டார் போட்டு ஏற்றுகிறார்கள். வரி இறாலுக்கு அவ்வளவு உப்பு ஆகாது. ஆகவே போர் போட்டு நிலத்தடி நல்ல தண்ணீரை எடுத்துக் கலக்கிறார்கள். கடற்கரை ஊர்களில் நிலத்தடியில் மழைநீர் பாலின் மேல் படியும் ஆடை மாதிரி உப்பு நீரின் மேல் மெல்லியதாக நிற்கிறது. அந்த ஆடையைப் போர்க்குழாய் உறிஞ்சிவிட்டால் அடியிலிருந்து உப்பு மேலே ஏறிவிடும். இது முதல் கேடு.

குஞ்சுகளை விட்டபின் நான்கைந்து மாதம் தீவனம் போடுகிறார்கள். தின்றது போக மீதி அடியில் அழுகுகிறது. நோய் வராமல் இருக்க மருந்து. குட்டைத் தண்ணீரைப் பகுதி பகுதியாக வெளியேற்றிப் புதுத் தண்ணீர் ஏற்றிக்கொண்டே இருக்க வேண்டும். வெளியேறும் தண்ணீர் எங்கே போகும்? பக்கத்து வடிகாலுக்கு. வடிகாலிலிருந்து ஆற்றின் கடைசிக் கிளைக்கு. அறுவடை முடிந்ததும் அடியிலுள்ள கறுப்புச் சேறும் அதே வழி. அந்த வாய்க்காலிலிருந்துதான் அடுத்த ஊர்க்காரர் வயலுக்குத் தண்ணீர் கட்டுகிறார். மாடு குடிப்பதும் அங்கேதான். இது இரண்டாவது கேடு.

மூன்றாவது, கண்ணுக்குத் தெரியாமல் நடப்பது. குட்டையில் மாதக்கணக்கில் நிற்கும் உப்பு நீர் கரைக்கு அடியில் பக்கவாட்டில் கசிகிறது. வெளிக்கரையில் வெள்ளையாய் உப்புப் பூக்கிறது. பக்கத்து வயலில் நாற்றின் நுனி கருகுகிறது. அடுத்த போகத்தில் கதிர் வந்தாலும் பாதி பதர். அப்புறம் வீட்டுக் கிணறு. சோப்பு நுரைக்காது, பருப்பு வேகாது. குடம் எடுத்துக்கொண்டு பெண்கள் அடுத்த ஊருக்கு நடக்கிறார்கள். கம்பெனிக்குத் தன் நிலத்தை விற்காதவரும் கடைசியில் நிலத்தை இழக்கிறார். விற்றவர் கையில் பணமாவது இருக்கும். விற்காதவருக்கு மிஞ்சுவது உப்பு.

நிலமே இல்லாதவர் கதி? நெல் வயல் என்றால் நடவு உண்டு, களை உண்டு, அறுப்பு உண்டு. அத்தனையும் பெண்கள் கை வேலை. இறால் குட்டைக்கு ஒரு காவல்காரரும் தீவனம் போட இரண்டு மூன்று ஆட்களும் போதும். குட்டை வந்த ஊரில் கூலி வற்றியது. மீனவர்களுக்கோ கடலுக்குப் போகும் வழியை வேலி மறித்தது.

கிருஷ்ணம்மாள் அம்மாவுக்கும் ஜெகந்நாதன் ஐயாவுக்கும் இது தங்கள் வாழ்நாள் வேலைக்கே வந்த ஆபத்து. எந்தச் சீமையில் கூலிப் பெண்ணுக்கு ஒரு ஏக்கர் வாங்கிக் கொடுத்தார்களோ, அந்தச் சீமையின் மண்ணையே உப்பு தின்கிறது. பட்டா கையில் இருக்கும், பயிர் இருக்காது. நில உரிமையும் நீர் உரிமையும் ஒன்றுதான் என்பதை இதைவிடக் கடுமையாக யாரும் அவர்களுக்குச் சொல்லியிருக்க முடியாது.

1990-களின் தொடக்கத்திலிருந்தே சத்தியாகிரகம் நடந்தது. ஊர் ஊராக நடைப்பயணம், உண்ணாவிரதம், மறியல். ஊர் மக்கள் அடியாட்களிடம் அடி வாங்கினார்கள். குடிசைகளுக்குத் தீ வைக்கப்பட்டது. பொய் வழக்கும் சிறையும் வந்தன. ராஜாஜி 1930-ல் திருச்சியிலிருந்து நடந்துவந்து உப்பு அள்ளிய வேதாரண்யம் இதே கடற்கரையில்தான் இருக்கிறது. அன்று உப்புக்காகப் போராடிய கரையில் இப்போது உப்புக்கு எதிராகப் போராட வேண்டியிருந்தது. இரண்டிலும் கேள்வி ஒன்றே: எல்லோருக்கும் பொதுவான ஒன்றை யார் தனக்கென எடுத்துக்கொள்வது?

தெருவில் உட்கார்ந்தால் மட்டும் போதாது என்று பட்டபோது, 1994-ல், கிராம சுயராஜ்ய இயக்கத்தின் தலைவர் என்ற முறையில் ஜெகந்நாதன் ஐயா உச்ச நீதிமன்றத்தில் பொதுநல மனுப் போட்டார். அப்போது அவருக்கு வயது எண்பது. சட்டப் புத்தகங்களில் அந்த வழக்கு இன்றும் அவர் பெயரிலேயே நிற்கிறது: எஸ். ஜெகந்நாதன் எதிர் இந்திய ஒன்றியம். சூழல் வழக்குகளுக்குப் பெயர்பெற்ற எம்.சி. மேத்தா வழக்கறிஞராக வாதாடினார்.

1995 மார்ச்சில், நாக்பூரிலுள்ள தேசியச் சுற்றுச்சூழல் பொறியியல் ஆராய்ச்சி நிறுவனத்தை ஆந்திர, தமிழ்நாட்டுக் கடற்கரைகளை நேரில் பார்த்து அறிக்கை தரும்படி நீதிமன்றம் பணித்தது. அவர்கள் வந்து பார்த்தார்கள், கிணற்றையும் வாய்க்காலையும் சோதித்தார்கள். இறால் தொழில் ஈட்டும் வருமானத்தைவிட அது நிலத்துக்கும் நீருக்கும் மக்களுக்கும் செய்யும் சேதத்தின் மதிப்பு அதிகம் என்று கணக்குக் காட்டினார்கள். எண்பது வயதுக் கிழவரும் குடம் சுமந்த பெண்களும் வாயால் சொன்னதை விஞ்ஞானிகள் எண்ணால் சொன்னார்கள். அதே ஆண்டில் இடைக்கால உத்தரவும் வந்தது. விளைநிலத்தையும் உப்பளத்தையும் குட்டையாக்கக் கூடாது, இறாலுக்காக நிலத்தடி நீரை எடுக்கக் கூடாது, மீனவர்கள் கடற்கரைக்குப் போகும் வழியை மறிக்கக் கூடாது என்று நீதிமன்றம் சொன்னது.

1996 டிசம்பர் 11 அன்று நீதிபதிகள் குல்தீப் சிங், சகீர் அகமது அமர்வு இறுதித் தீர்ப்பு அளித்தது. கடலோர ஒழுங்குமுறை மண்டலத்துக்குள் வணிக இறால் குட்டைகள் கூடாது. இருப்பவற்றை 1997 மார்ச் 31-க்குள் அகற்ற வேண்டும். சிலிகா, பழவேற்காடு ஏரிகளைச் சுற்றி 1,000 மீட்டருக்குள் கூடாது. விளைநிலம், உப்பளம், அலையாத்திக் காடு, ஊர்ப் பொதுநிலம் எதையும் குட்டையாக மாற்றக் கூடாது. கேடு செய்தவரே அதைச் சரிசெய்யும் செலவையும் பாதிக்கப்பட்டோர் இழப்பீட்டையும் ஏற்க வேண்டும். பாரம்பரிய முறைகளுக்கு மட்டும் விலக்கு. கேரளத்தின் பொக்காளி வயல்களில் மழைக்காலத்தில் நெல்லும் மற்ற மாதங்களில் இறாலும் மாறி மாறி விளைகின்றன. அங்கே ஆறும் இறாலும் மனிதரும் சேர்ந்தே பிழைக்கிறார்கள். நீதிமன்றம் இறாலைத் தடை செய்யவில்லை, பேராசையைத் தடை செய்தது.

அந்தத் தீர்ப்பின் இன்னொரு பகுதியை யாரும் அதிகம் பேசுவதில்லை. நான் அதைத்தான் மிகவும் மதிக்கிறேன். மூடப்படும் பண்ணைகளில் ஓராண்டுக்கு மேல் வேலை செய்த தொழிலாளர்களுக்குச் சட்டப்படியான ஆட்குறைப்பு இழப்பீட்டோடு, கூடுதலாக ஆறு ஆண்டுக் கூலியும் தர வேண்டும் என்று உத்தரவிட்டார்கள். ஆற்றைக் காப்பாற்றும் சுமை கூலிக்காரன் தலையில் விழக் கூடாது. லாபம் பார்த்தவர் அந்தச் சுமையைத் தூக்க வேண்டும். வாழ்நாளெல்லாம் கூலிகளோடு வாழ்ந்த ஒருவர் தொடுத்த வழக்கில் இப்படியொரு வரி வந்தது பொருத்தமானது.

அதற்குப் பிறகு நடந்ததையும் உள்ளபடி சொல்ல வேண்டும். தீர்ப்பு வந்த சில மாதங்களில் மறுஆய்வு மனுக்கள் குவிந்தன. குட்டைகளை அகற்றும் உத்தரவுக்குத் தடை கிடைத்தது. நாடாளுமன்றத்தில் மசோதா வந்தது. கடைசியில் 2005-ல் கடலோர நீர்வாழ் உயிரின வளர்ப்பு ஆணையச் சட்டம் நிறைவேறியது. தீர்ப்பு எதைத் தடுத்ததோ அதைச் சட்டம் பதிவு, உரிமம், உயர் அலை எல்லையிலிருந்து 200 மீட்டர் தூரம் போன்ற நிபந்தனைகளோடு அனுமதித்தது. இன்று இந்தியா உலகின் பெரிய இறால் ஏற்றுமதி நாடுகளில் ஒன்று.

அப்படியானால் அந்தக் குடும்பம் தோற்றுவிட்டதா? நான் அப்படி நினைக்கவில்லை. இன்று கடலோரத்தில் ஒரு பண்ணை பதிவு செய்ய வேண்டும், விளைநிலத்தில் குட்டை வெட்டக் கூடாது என்ற விதிகள் இருக்கின்றன என்றால், அது அந்த மனுவின் நிழல். ஆனால் விதி ஏட்டில் இருப்பது வேறு, வாய்க்காலில் இருப்பது வேறு. தீர்ப்பு வாங்குவது பாதி வேலை. காவல் காப்பது மீதிப் பாதி. அந்த மீதிப் பாதியைச் செய்ய தில்லியிலிருந்து யாரும் வர மாட்டார்கள். கிருஷ்ணம்மாள் அம்மாவும் ஜெகந்நாதன் ஐயாவும் தீர்ப்போடு வீட்டுக்குப் போகவில்லை. மக்களோடு அங்கேயே இருந்தார்கள். 2008-ல் இருவருக்கும் சேர்த்து 'மாற்று நோபல்' என்று போற்றப்படும் வாழ்வுரிமை விருது வந்தது. அம்மாவுக்கு 1989-ல் பத்மஸ்ரீ, 2020-ல் பத்மபூஷண். ஐயா 2013 பிப்ரவரி 12 அன்று காந்திகிராமத்தில் காலமானார்.

இனி நம் ஊருக்கு வருவோம்.

அதே 1996-ல், இறால் தீர்ப்புக்கு மூன்றரை மாதம் முன்பு, ஆகஸ்ட் 28 அன்று, அதே நீதிபதி குல்தீப் சிங் தலைமையிலான அமர்வு இன்னொரு தீர்ப்பு சொன்னது. வேலூர் குடிமக்கள் நல மன்றம் தொடுத்த வழக்கு அது. பாலாற்றைத் தோல் தொழிற்சாலைகள் கெடுத்ததைப் பற்றியது என்றுதான் எல்லோரும் நினைப்பார்கள். தீர்ப்பை எடுத்துப் படித்தால் நம் மாவட்டத்தின் பெயரும் அதில் இருக்கிறது. திண்டுக்கல், ரெட்டியார்சத்திரம் ஒன்றியங்களில் 13 ஊர்களில் ஒரு தன்னார்வ அமைப்பு எடுத்த கணக்கு அங்கே பதிவாகியிருக்கிறது. குடிக்கவும் பாசனத்துக்கும் பயன்பட்ட 467 கிணறுகளில் 350 கெட்டுப்போயின. நான்கில் மூன்று! ஒரு கிலோ தோலைப் பதப்படுத்தச் சுமார் 35 லிட்டர் தண்ணீர் செலவாகிறது என்றும் அதே தீர்ப்பு சொல்கிறது. அந்தத் தண்ணீர் கழிவாய்த் திரும்புகிறது. ஐந்து மாவட்டத் தோல் தொழிற்சாலைகளுக்குத் தலா 10,000 ரூபாய் அபராதம் விதித்தார்கள். திண்டுக்கல்லும் அந்த ஐந்தில் ஒன்று.

நாகையின் இறால் குட்டை, திண்டுக்கல்லின் தோல் ஷெட், திருப்பூரின் சாயப்பட்டறை. மூன்றும் வெவ்வேறு தொழில். மூன்றிலும் தண்ணீரைக் கெடுப்பதில் பெரும் பங்கு உப்புக்கு. இறாலுக்குக் கடல் உப்பு. தோல் கெடாமல் இருக்க மூட்டை மூட்டையாய் உப்பு, பிறகு அதைக் கழுவ வேண்டும். சாயத்துக்கும் அப்படித்தான். இந்த ஊரில் இதை நான் விளக்க வேண்டியதில்லை, உங்களுக்கு என்னைவிட நன்றாகத் தெரியும். சாயம் நூலில் பிடிக்க உப்பு வேண்டும். சாயம் பிடித்தபின் உப்புக்கு அங்கே வேலை இல்லை. போட்ட உப்பெல்லாம் அலசும் தண்ணீரோடு சாக்கடைக்குப் போகிறது. நிறத்தைச் சுண்ணாம்பு போட்டு எடுத்துவிடலாம், நாற்றத்தைக் காற்று ஊட்டி எடுத்துவிடலாம். உப்பு போகாது. தண்ணீர் தெளிவாகத் தெரியும், கிணறு உவர்த்துக்கொண்டே வரும். நம்மை ஏமாற்றுவது அந்தத் தெளிவுதான்.

நொய்யல் ஆற்றைப் பாருங்கள். 1992-ல் பாசனத்துக்கென்று ஒரத்துப்பாளையம் அணை வந்தது. சில ஆண்டுகளில் அது திருப்பூர்ச் சாயக் கழிவைத் தேக்கும் தொட்டியானது. அணையைத் திறங்கள் என்று விவசாயி கேட்பதுதான் உலக வழக்கம். அங்கே விவசாயிகள் திறக்காதீர்கள் என்று கேட்டார்கள். வழக்கு நடந்தது. கழிவைச் சொட்டுக்கூட வெளியே விடக் கூடாது என்று உயர் நீதிமன்றம் கண்டிப்புக் காட்டி, 2011 ஜனவரியில் பட்டறைகளை மூட உத்தரவிட்டது. ஆறு காக்கப்பட வேண்டியதுதான். ஆனால் அன்று வேலையிழந்த சாயத் தொழிலாளியின் வீட்டில் அடுப்பு எரிந்ததா என்று யார் கேட்டார்கள்? ஜெகந்நாதன் ஐயா வழக்கின் அந்த 'ஆறு ஆண்டுக் கூலி' இங்கேதான் எனக்கு நினைவு வருகிறது. சரியான நேரத்தில் கேடு தடுக்கப்பட்டிருந்தால் மூடும் நிலையே வந்திருக்காது. தாமதித்ததற்கான விலையைத் தொழிலாளி கொடுத்தான்.

சின்னாளப்பட்டி நெசவாளர் ஊர், சுங்குடி ஊர். முடிச்சுப் போட்டு, சாயத்தில் முக்கி, பிரித்து விரிக்கும்போது புள்ளி புள்ளியாய் மலரும் சேலையால் இந்த ஊரை நாடு அறியும். அந்த முடிச்சைப் போடும் விரல்கள் பெரும்பாலும் வீட்டுப் பெண்களுடையவை. இந்தத் தொழில் வாழ வேண்டும். இதை மூடச் சொல்ல நான் வரவில்லை. இது தானாக மூடிக்கொள்ளும் நாள் வராமல் இருக்க வேண்டும் என்றே சொல்கிறேன். நல்ல தண்ணீர் இல்லாத ஊரில் நல்ல சாயமும் ஏறாது. நம் கிணறு கெட்டால் சாயக்காரருக்கும் கெட்டது, விவசாயிக்கும் கெட்டது, நமக்குக் கீழே இருக்கும் வேடசந்தூர்க்காரருக்கும் கெட்டது.

ஆகவே அந்தத் தம்பதியிடம் கற்க வேண்டியதைக் காரியமாகச் சொல்கிறேன்.

முதலில், கணக்கு. 467-ல் 350 என்ற எண்ணை நீதிமன்றம் ஏற்றுக்கொண்டதற்குக் காரணம், யாரோ ஊர் ஊராய்ப் போய்க் கிணறு கிணறாய்ப் பார்த்து எழுதியதுதான். தண்ணீரில் கரைந்துள்ள உப்பை அளக்கும் சிறு மீட்டர் இன்று கடையில் மலிவாகக் கிடைக்கிறது. குடிநீருக்கு லிட்டருக்கு 500 மில்லிகிராம் வரை ஏற்கத்தக்கது. வேறு வழியில்லாத இடத்தில் 2,000 வரை பொறுக்கலாம் என்கிறது இந்தியத் தர நிர்ணயம். ஒவ்வொரு வார்டிலும் சில கிணறுகளை, போர்களைத் தேர்ந்து, மாதம் ஒரு நாள் அளந்து, தேதி போட்டு நோட்டில் எழுதுங்கள். காந்திகிராமப் பல்கலைக்கழக மாணவர்கள் இங்கே இருக்கிறீர்கள். உங்கள் ஆய்வகமும் இந்த ஊரும் பக்கத்துப் பக்கத்தில் இருப்பது சும்மாவா?

இரண்டாவது, கேட்பது. மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் எந்தத் தொழிலுக்கு எந்த நிபந்தனையில் இசைவு கொடுத்தது, கடைசிச் சோதனையில் என்ன வந்தது என்பதைத் தகவல் உரிமைச் சட்டத்தில் யாரும் கேட்கலாம். 1974-ன் நீர்ச் சட்டம் வாரியத்துக்கு அதிகாரம் கொடுத்திருக்கிறது. அதைக் கேட்கும் குரலை நாம் கொடுக்க வேண்டும். ஜெகந்நாதன் ஐயா காலத்தில் தில்லிக்குப் போக வேண்டியிருந்தது. இன்று தேசிய பசுமைத் தீர்ப்பாயத்தின் தென்மண்டல அமர்வு சென்னையில் இருக்கிறது.

மூன்றாவது, சாயத் தொழில் செய்பவரை எதிரியாக்காதீர்கள். தனித்தனியாகச் சின்னப் பட்டறைக்காரரால் உப்பைப் பிரித்தெடுக்கும் எந்திரம் வாங்க முடியாது. பொதுச் சுத்திகரிப்பு நிலையத்துக்கு அரசு மானியம் கேட்டு விவசாயியும் சாயக்காரரும் ஒரே மனுவில் கையெழுத்துப் போடலாம். கெடுத்தவர் செலவை ஏற்க வேண்டும் என்பது சட்டம். சிறியவரால் ஏற்க முடியாதபோது, அவர் உழைப்பில் லாபம் பார்க்கும் பெரிய வியாபாரியும் பங்கு போட வேண்டும் என்பது நியாயம்.

நான்காவது, பெண்கள் முன்னால் நிற்க வேண்டும். அம்மா பட்டாவைப் பெண் பேரில் எழுதியது சும்மா இல்லை. தண்ணீர் கெட்டதை முதலில் அறிபவர் பருப்பு வேகவைப்பவர். பேரூராட்சியின் பகுதி சபைக் கூட்டத்தில் குடிநீர் எப்போது வரும் என்று மட்டும் கேட்காமல், நம் கழிவு எங்கே போகிறது என்றும் கேளுங்கள். பதிலை நடவடிக்கைப் புத்தகத்தில் எழுதச் சொல்லுங்கள்.

தோழர்களே, தாய்மார்களே! சொந்த நிலம் இல்லாத வீட்டில் பிறந்த ஒரு பெண்ணும், கல்லூரியை விட்டுவந்த ஒரு மனிதரும், சொத்து சேர்க்கும் வயதில் ஊருக்காக நடந்து, ஓய்வெடுக்கும் வயதில் ஆற்றுக்காக வழக்காடினார்கள். அவர்களிடம் பணம் இருக்கவில்லை, பதவி இருக்கவில்லை. கடைசி மனிதரின் பக்கம் நிற்கும் பழக்கம் மட்டும் இருந்தது. ஆற்றின் கடைசியில் இருப்பவருக்கு நல்ல தண்ணீர் கிடைத்தால் நடுவில் இருக்கும் எல்லோருக்கும் கிடைத்தே தீரும். நம் குடகனாற்றுக்கும் நம் கிணறுகளுக்கும் அந்தக் காவலை நாமே எடுத்துக்கொள்வோம். வரும் மாதமே முதல் கிணற்றின் கணக்கை எழுதத் தொடங்குங்கள். அந்த நோட்டு நிறைந்து என்னிடம் வரட்டும், கலெக்டரிடமும் வாரியத்திடமும் எடுத்துக்கொண்டு போக நான் உங்களோடு வருகிறேன்.